பொங்கிய பாகு

அத்தியாயம் 17

கோகுல்ராஜ் போன வாரம் கட்டிய பெட்டி இன்னும் கதவோரத்திலேயே நிற்கிறது. பெட்டிக்கு மேல் அவன் அம்மா மகாராணியின் வெற்றிலைப் பை. பெட்டியைத் தூக்க வேண்டுமென்றால் முதலில் பையை எடுக்க வேண்டும், பையை எடுக்க வேண்டுமென்றால் தன்னைக் கேட்க வேண்டும் என்பது அந்த அம்மாளின் கணக்கு. அவள் சண்டை போட மாட்டாள். பையை வைப்பாள், அவ்வளவுதான்.

மகன் ஓட்டிக்கொண்டிருந்த சுற்றுலா வேனை முதலாளி விற்றுவிட்டார். திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனிக்கு பஸ் ஓட்டும் வேலை கிடைத்திருக்கிறது, திங்கட்கிழமை சேர வேண்டும். மனைவி புவனா அவனோடு போவது, அம்மாவைப் பாச்சலூரில் தன் தங்கை லாவண்யா வீட்டில் விடுவது, பள்ளங்கியில் இருக்கும் இந்த வீட்டைப் பூட்டுவது. மூன்றையும் கோகுல்ராஜ் தனியாகவே முடிவு செய்துவிட்டுத்தான் வீட்டில் சொன்னான். அவனைக் கெட்டவன் என்று நினைத்துவிடாதீர்கள். பயந்தவன். பயந்த ஆண்பிள்ளைகள்தான் இப்படி அவசர அவசரமாக முடிவெடுப்பார்கள்.

புவனா அழவில்லை. "வியாழக்கெழமை நாலு மணி வரைக்கும் பொறுங்க" என்று மட்டும் சொன்னாள்.

அன்றைக்குத்தான் கொடைக்கானல் ஏரிக்குப் பக்கத்தில் விடுதி நடத்தும் விசாலாட்சி அவளுடைய ஐஸ் டீயை ருசி பார்ப்பதாகச் சொல்லியிருந்தார். மலையில் பிளாஸ்டிக் பாட்டிலுக்குத் தடை. கொண்டை ஊசி வளைவுகளில் சுற்றிச் சுற்றி ஏறி, தொண்டை வறண்டு வந்து இறங்குகிறவர்களுக்குக் கண்ணாடித் தம்ளரில் குளிர்ச்சியாக ஏதாவது கொடுக்க வேண்டும் என்று அவருக்கு ஆசை. "இருபது பேர் ஒரு குரூப் வர்றாங்க. அவங்க முகத்தப் பாத்துட்டுத்தான் நான் யெஸ்ஸோ நோவோ சொல்லுவேன்" என்றிருந்தார்.

இன்று வியாழக்கிழமை.

காலை ஐந்தரைக்கே புவனா அடுப்பைப் பற்றவைத்துவிட்டாள். ஜன்னலுக்கு வெளியே கேரட் பாத்திகள் பனிக்குள் கிடந்தன. மேடைமேல் ஒன்றரைக் கிலோ நாட்டுச் சர்க்கரை இருந்தது. பழனிக்குப் பக்கத்தில் நெய்க்காரப்பட்டியில் அவளுடைய அப்பா சேனாதிபதியின் கரும்பாலையில் காய்ச்சியது. அப்பா கொடுத்ததல்ல. இலங்கையிலிருந்து திரும்பி வந்த தேயிலைத் தோட்டத்துக் குடும்பத்துப் பையனை மகள் தானாகவே கட்டிக்கொண்டாள் என்று நான்கு வருடமாக அவர் அவளிடம் பேசுவதில்லை. தம்பி கதிர்வேல்தான் அவருக்குத் தெரியாமல் கொடைக்கானல் பஸ்ஸில் ஏற்றி அனுப்புவான். பெருமாள்மலையில் கண்டக்டர் இறக்கி வைப்பார்.

நேற்றுப் பை வந்தது. பின்னாலேயே தம்பியின் போனும் வந்தது.

"அக்கா, இதுதான் கடைசி. அப்பா மூட்டையெல்லாம் எடை போட்டுப் பாக்க ஆரம்பிச்சிட்டாரு."

ஒன்றரைக் கிலோவும் வீணாகக் கூடாது. அது அவளுக்கு நன்றாகத் தெரியும். முதல் தடவை ஆறிய டீயில் சர்க்கரையைப் போட்டுக் கலக்கியபோது, அது அடியில் மணலாகத் தங்கிவிட்டது. அதிலிருந்து பாகு காய்ச்சித்தான் ஊற்றுகிறாள். இரண்டாம் தடவை சூடான டீயை அப்படியே ஃபிரிட்ஜில் வைத்தாள். குளத்துத் தண்ணீராகக் கலங்கிப்போனது. அதிலிருந்து நன்றாக ஆறவிட்டுத்தான் உள்ளே வைக்கிறாள். அதெல்லாம் ஒரு தம்ளர், இரண்டு தம்ளர் விளையாட்டு. இன்றைக்குப் பத்து லிட்டர்.

"டீத்தண்ணிய நான் வைக்கிறேன், நீ ஒம் பாகப் பாரு" என்று மகாராணி பெரிய குண்டாவை இழுத்துக்கொண்டாள். கோத்தகிரியில் இருக்கும் தன் தங்கை அனுப்பிய இலைத் தேயிலையைக் கைநிறைய அள்ளினாள். "ஆறிப்போன தேத்தண்ணியக் குடிக்க மனுசங்க மலையேறி வாராங்க பாரு. எங்க தேயிலத் தோட்டத்து லயத்துல தேத்தண்ணி ஆறிப்போச்சுன்னா கோழிகூட சீண்டாது."

"ஐஸ் டீ அத்தை. ஆறிப்போன டீ இல்ல."

"பேரு மாத்திட்டா சூடாயிருமா?"

புவனா வாணலியை அடுப்பில் ஏற்றினாள். ஒரு கிலோ சர்க்கரைக்கு அளவாகத் தண்ணீர் ஊற்றி, இடித்த இஞ்சியைப் போட்டாள். சர்க்கரை கரைந்து கொதி வந்தது. அழுக்கு நுரை மேலே வர வர அகப்பையால் வழித்துப் போட்டாள். திடீரென்று பாகு விளிம்பு வரை பொங்கியது. கை தானாக நெய் டப்பாவுக்குப் போய் ஒரு கரண்டி நெய் விட்டது. நுரை அடங்கியது. பழைய வேட்டித் துணியில் வடிகட்டி, ஆறிய டீயோடு கலந்து, எலுமிச்சை பிழிந்தாள். கறுத்திருந்த நிறம் செக்கச் செவேலென்று தெளிந்தது. ஒரு வாய் குடித்துப் பார்த்தாள். ருசி சரியாக வந்திருந்தது. சந்தோஷத்தில் அவளுக்குக் கண் கலங்கியது.

எட்டரை மணிக்கு எல்லாம் ஃபிரிட்ஜுக்குள் போய்விட்டது.

"அப்ப பெட்டிய அவுக்கணுமா?" என்று கோகுல்ராஜ் பல் துலக்கிக்கொண்டே கேட்டான். கேலிதான். ஆனால் அந்தக் கேலிக்குள் ஒரு ஆசையும் இருந்தது.

"நாலு மணிக்குச் சொல்றேன்" என்றாள் புவனா.

பதினொரு மணிக்கு ஃபிரிட்ஜைத் திறந்தவள் அப்படியே நின்றுவிட்டாள். டீயின் மேல் வெள்ளை வெள்ளையாகப் பொட்டு. ஓரமெல்லாம் மெல்லிய ஆடை. கரண்டியால் கலக்கினால் இன்னும் சின்னச் சின்னதாக உடைந்து எல்லா இடத்திலும் பரவியது.

"அத்தை! டீத்தண்ணிய எந்தக் குண்டாவுல வச்சீங்க?"

"பெரிய குண்டாவுலதான். ஏன்?"

"பால் காய்ச்சுற குண்டாவா?"

"அது ஒண்ணுதானே பெருசா இருக்கு. புளி போட்டு நல்லா வெளக்கிட்டுத்தான் வச்சேன்."

"வெளக்குன லச்சணத்த வந்து பாருங்க. பாலாடை மெதக்குது!" புவனாவின் குரல் உயர்ந்துவிட்டது. ஆறு நாளாக அடக்கி வைத்திருந்தது எல்லாம் சேர்ந்து வந்தது. "ஒங்களுக்குத்தான் மொதல்லேருந்தே இது புடிக்கலையே. ஆறிப்போன தேத்தண்ணி, கோழி குடிக்காதுன்னு சொல்லிக்கிட்டேதான இருந்தீங்க. இப்ப நெஞ்சு குளுந்துச்சா?"

மகாராணி ஃபிரிட்ஜுக்குள் எட்டிப் பார்த்தாள். பிறகு மருமகளைப் பார்த்தாள். கதவோரம் போய், பெட்டியின் மேலிருந்த வெற்றிலைப் பையை எடுத்துக்கொண்டு வெளியே நடந்துவிட்டாள்.

இப்போது பெட்டியின் மேல் ஒன்றுமில்லை. கோகுல்ராஜ் அதைப் பார்த்தான், புவனாவும் பார்த்தாள்.

"என்னத்தச் சொன்ன நீ எங்கம்மாவ?" என்றான் அவன். சத்தம் போடாமல்தான் கேட்டான்.

புவனா அந்த வெள்ளைப் பொட்டில் ஒன்றை விரலில் எடுத்தாள். பாலாடையாக இருந்தால் விரலில் ஒட்டியபடி அப்படியே இருக்கும். இது விரல் சூட்டில் உருகி வழவழத்தது. மூக்கருகே கொண்டுபோனாள்.

நெய்.

மேடைமேல் நெய் டப்பா காலையில் திறந்தது திறந்தபடியே இருந்தது.

ஆலையில் கரும்புச்சாறு கொப்பரையில் பொங்கி வந்தால் கொஞ்சம் நெய் விடுவார்கள், நுரை உடனே படுத்துவிடும். பத்து வயதில் அப்பாவுக்குப் பக்கத்தில் நின்று பார்த்துப் பழகியது அவள் கை. இன்றைக்கு மூளையைக் கேட்காமலே போய்விட்டு வந்திருக்கிறது. அதிரசத்துக்குக் காய்ச்சும் பாகில் நெய் தெரியாது, பஞ்சாமிர்தத்தில் தெரியாது. ஐஸில் வைப்பதற்கென்று நெய்க்காரப்பட்டியில் யார் பாகு காய்ச்சினார்கள்? குளிர்ந்ததும் உறைந்துவிட்டது.

"நாந்தான்" என்றாள். "அத்தை இல்ல. நாந்தான் போட்டேன்."

"துணியில வடிகட்டிட்டா போச்சு. யாருக்குத் தெரியும்?"

"வாசன போவாது. எனக்குத் தெரியுமே." அவள் முந்தானையை இழுத்துச் செருகினாள். "நெய் நாத்தம் அடிக்கிற டீயக் குடுத்து எடம் புடிக்கிறதுக்கு நான் பேசாம திருப்பூருக்கே வந்துருவேன்."

மகாராணி எங்கே போயிருப்பாள் என்று தேட வேண்டியதில்லை. ஓடைப் பக்கம் பெண்கள் கேரட் கழுவிக்கொண்டிருந்தார்கள். அவர்களுக்குக் கொஞ்சம் தள்ளி, ஒரு கல்லில் உட்கார்ந்து, வெற்றிலை போடாமல் காம்பை மட்டும் கிள்ளிக்கொண்டிருந்தாள்.

புவனா அவளுக்கு எதிரே நின்றாள். உட்கார அவளுக்குத் தைரியம் வரவில்லை.

"அத்தை, அது பாலாடை இல்ல. நெய்யி. எங்க ஆலப் பழக்கத்துல நாந்தான் பாகுல விட்டுட்டேன். ஒங்கள வாய்க்கு வந்தபடி பேசிட்டேன். தப்பு எம்மேலதான்."

கேரட் கழுவும் சத்தம் நின்றுவிட்டது. இந்த மாதிரி சமயத்தில் ஓடைத் தண்ணீர்கூடக் காதைத் தீட்டிக்கொள்ளும்.

மகாராணி நிமிர்ந்து பார்த்தாள்.

"எட்டு வயசுல இலங்கையிலேர்ந்து எங்கள மூட்ட கட்டச் சொல்லி கப்பல்ல ஏத்தி விட்டாங்க. எங்க போறோம்னு எங்கப்பனுக்கே தெரியாது. அன்னைக்கு எனக்கு வாயில்ல. இன்னைக்கு இருக்கு. இன்னொரு தடவ எவன் சொன்னாலும் நான் மூட்ட கட்ட மாட்டேன்." குரல் கொஞ்சம் உடைந்தது. சரி செய்துகொண்டாள். "ஒன்னோட ஐஸ் டீ எனக்குப் புடிக்காதுதான். ஆனா நீ என்னைய விட்டுட்டுப் போறது அதவிடப் புடிக்காது. அத நான் கெடுப்பனா?"

புவனாவுக்கு அழுகை வந்துவிட்டது. குனிந்து கிழவியின்... இல்லை, கிழவி என்று எழுதினால் மகாராணி என்னைச் சும்மா விட மாட்டாள். குனிந்து மாமியாரின் கையைப் பிடித்துக்கொண்டாள். வெற்றிலைக் காம்புகள் கீழே சிந்தின.

"சரி, அழுவுறத அப்பறம் வச்சுக்க. சீனி எவ்வளவு கெடக்கு?"

"அரைக் கிலோ."

"எவ்வளவு டீ வரும்?"

"அஞ்சு லிட்டர். இருபது பேருக்கு ஆளுக்கு ஒரு தம்ளர்னா போதும்."

"அப்ப இங்க என்னா சோலி? வெரசா நட."

முதல் டீயைக் கொட்டவில்லை. சூடாக்கியதும் நெய் உருகிக் காணாமல் போனது. கோகுல்ராஜ் அதை ஓடைக்குக் கொண்டுபோய்க் கேரட் கழுவும் பெண்களுக்கு ஊற்றினான். நன்றாக இருக்கிறதென்று இரண்டாவது தம்ளரும் வாங்கிக் குடித்தார்கள். சூடாக இருக்கும்வரை அது நல்ல டீதான்.

வீட்டில் மகாராணி முதல் வேலையாக வெற்றிலைப் பையைப் பெட்டியின் மேல் பழையபடி வைத்தாள். அடுத்து நெய் டப்பாவை எடுத்து மடியில் கட்டிக்கொண்டு அடுப்புக்குப் பக்கத்தில் உட்கார்ந்தாள்.

"எதுக்கத்தை அது?"

"ஒங்கைய நான் நம்பல."

புவனாவே சிரித்துவிட்டாள். தீயைக் குறைத்து வைத்தாள். பாகு ஏறும்போதெல்லாம் பச்சைத் தண்ணீரைத் தெளித்தாள். இரண்டு தடவை அவள் கை மேடைமேல் நெய் டப்பா இருந்த இடத்தைத் துழாவியதை மகாராணி பார்த்தாள். பார்த்துவிட்டு, டப்பாவை இன்னும் இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.

பன்னிரண்டே முக்காலுக்குக் கரண்ட் போனது. டீ ஆறி முடிந்திருந்தது, ஆனால் குளிரவில்லை. புவனா சுவிட்சைப் பார்த்தாள், கடிகாரத்தைப் பார்த்தாள். "ஓடத் தண்ணிக்குக் கரண்டா வேணும்?" என்று சொல்லிக்கொண்டே குண்டாவைத் தட்டால் மூடி, துணி போட்டுக் கட்டினாள். தூக்கப் போனவளை விலக்கிவிட்டுக் கோகுல்ராஜ் தூக்கிக்கொண்டான். கல்லிடுக்கில் கழுத்தளவுக்குத் தண்ணீரில் அமுக்கி வைத்துவிட்டு, ஒரு மணி நேரத்துக்கு மேல் அங்கேயே குந்தியிருந்தான். அந்த மலைத் தண்ணீரில் கை வைத்தால் விரல் மரத்துப்போகும். எதற்கு உட்கார்ந்திருக்கிறாய் என்று கேட்டதற்கு, குண்டா உருண்டுவிடும் என்றான். அத்தனை கல்லுக்கு நடுவில் அது எங்கே உருளும்?

மூன்றரைக்கு சிநேகிதனின் ஜீப்பை வாங்கி வந்து நிறுத்தினான்.

விடுதி வராந்தாவில் விசாலாட்சி கண்ணாடியை நெற்றிக்கு ஏற்றிவிட்டு டீயைத் தம்ளரில் ஊற்றி வெளிச்சத்துக்கு எதிரே பிடித்துப் பார்த்தார். அடியில் மணல் இல்லை, மேலே ஆடை இல்லை. விடுதியின் ஐஸ் கட்டிகளைப் போட்டார்.

"பத்து லிட்டர் சொன்னதா ஞாபகம்."

"ஆமாங்க மேடம். அஞ்சுதாங்க இருக்கு. மொதல்ல காய்ச்சுனது சரியா வரல, கொண்டுவரல."

"சரியா வரலைன்னா?"

"நெய் விழுந்துருச்சு. எங்கையாலதாங்க விழுந்துச்சு."

கோகுல்ராஜ் பல்லைக் கடித்தான். இதையெல்லாம் எதற்குச் சொல்கிறாள்? விசாலாட்சி புவனாவை ஒரு நிமிடம் பார்த்துவிட்டுத் தம்ளர் தட்டுகளை உள்ளே அனுப்பினார்.

இருபது பேரும் களைத்துப் போயிருந்தார்கள். ஒரு பெண் ஒரு மிடறு குடித்துவிட்டுக் கணவனிடம் ஏதோ சொன்னாள். ஒரு பெரியவர் எலுமிச்சைத் துண்டை எடுத்து ஓரமாக வைத்தார். புவனா தூணுக்குப் பின்னால் நின்று ஒவ்வொரு முகமாகப் பார்த்தாள். ஒன்றும் புரியவில்லை. களைத்த முகங்கள் எல்லாம் ஒரே மாதிரிதான் இருந்தன.

அப்போது போனிலேயே மூழ்கியிருந்த ஓர் ஆள், கண்ணை எடுக்காமலே காலித் தம்ளரை நீட்டினார். "இன்னொண்ணு."

"எனக்கும்" என்றாள் அந்தப் பெண்.

விசாலாட்சி கண்ணாடியைக் கீழே இறக்கிக்கொண்டார். "சனிக்கெழமையிலேர்ந்து தினமும் இருபது லிட்டர். சீசன் முடியற வரைக்கும் நிறுத்தக் கூடாது. சர்க்கரை மட்டும் இதே சர்க்கரை. கடையில மஞ்சளா பளபளன்னு விக்கிறத வாங்கிப் போட்டீங்கன்னா எனக்கு நாக்கு சொல்லிரும்."

"இதே சர்க்கரதாங்க மேடம்" என்றாள் புவனா. சொன்ன பிறகுதான், இதுதான் கடைசி என்று தம்பி சொன்னது நினைவுக்கு வந்தது.

இருவரும் ஜீப்பில் வீடு திரும்பினார்கள். வாசலில் இறங்கியதும் கோகுல்ராஜ் கேட்டேவிட்டான்.

"தினமும் ரெண்டு கிலோ சர்க்கர வேணும். கதிரு இனிமே அனுப்ப முடியாதுன்னுட்டான். என்ன பண்ணப் போற?"

மகாராணி வாசற்படியில் நின்று இருவர் முகத்தையும் மாறி மாறிப் பார்த்தாள். மூன்று பேருக்கும் பதில் தெரியும். அதைச் சொல்ல வேண்டியவள் ஒருத்திதான்.

புவனா போனை எடுத்தாள். நான்கு வருடமாக அழிக்காமலும் அழைக்காமலும் வைத்திருந்த எண். மூன்றாவது மணியில் எடுத்துவிட்டார்கள்.

"அப்பா... நான் புவனா."

பின்னால் கரும்பு அரைக்கும் மெஷின் சத்தம் மட்டும் கேட்டது. ஆனால் போனை வைக்கவும் இல்லை.

எத்தனையோ தடவை மனதுக்குள் பேசி வைத்திருந்தாள். நல்லாருக்கீங்களாப்பா, உடம்பு எப்படி இருக்கு, என்னை மன்னிச்சிருங்க. ஒன்றும் வரவில்லை. வந்தது இதுதான்:

"எனக்குச் சக்கர வேணும்ப்பா. தெனம் ரெண்டு கிலோ. தம்பி ஒளிச்சு அனுப்பறது வேண்டாம். கடைக்காரங்களுக்குக் குடுக்குற மாதிரி வெலைக்குக் குடுங்க."

மெஷின் நின்றது. யாரோ நிறுத்தச் சொல்லியிருக்க வேண்டும்.

"எதுக்கு?" என்றார் சேனாதிபதி. நான்கு வருடத்தில் முதல் வார்த்தை.

"ஐஸ் டீக்கு. பாகு காய்ச்சி ஊத்துறேன்."

"பாகு பொங்கிருக்குமே. நெய் விட்டியா?"

"காலையில விட்டேன்ப்பா. ஒறஞ்சு போச்சு. திரும்பவும் காய்ச்சுனேன். நெய் விடாம."

"ம்."

அந்த 'ம்' திட்டா, பாராட்டா என்று யாராலும் சொல்ல முடியாது. அவள் போனை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டாள்.

"பஸ்ஸுல மூட்ட ஏத்தி விடுற சோலியெல்லாம் வேண்டாம்" என்றார் அவர். "நாளைக்கு வெள்ளனே நானே கொண்டாரேன். அந்தப் பையன வீட்டுல இருக்கச் சொல்லு. அவங்கிட்டதான் பேசணும். ஒங்கிட்ட இல்ல."

போன் வைக்கப்பட்டது.

"என்ன சொன்னாரு?" என்றாள் மகாராணி.

"நாளைக்கு வர்றாராம். இவருகிட்டப் பேசணுமாம்."

"எங்கிட்டயா?" கோகுல்ராஜின் முகத்தில் ரத்தமே இல்லை. "எங்கிட்ட என்ன பேசணும்? சர்க்கரைக்கா? இல்ல..."

"எனக்கென்ன தெரியும்?"

அவன் வாசலுக்கும் அடுப்படிக்கும் நாலு தடவை நடந்தான். தாடையைத் தடவிப் பார்த்துக்கொண்டான். போட்டிருந்த சட்டையைக் குனிந்து பார்த்தான். ஓடைச் சேறு முழங்கை வரைக்கும் அப்பியிருந்தது. கடைசியில் பெட்டிக்கு முன்னால் போய் நின்றான்.

"அம்மா. இந்தப் பைய எடு."

மகாராணி அசையவில்லை. "எதுக்கு?"

"இஸ்திரி போட்ட சட்ட ஒண்ணுதான் இருக்கு. அது உள்ள கெடக்கு."

மகாராணி தானாகவே எழுந்து வந்து பையை எடுத்துக்கொண்டாள்.